அலுமாரிக் கூத்தும் ஓசிப் படத் தளமும்

போன் திருத்துகிறவனிடம் உண்மை சொல்லும் வாடிக்கையாளரை நான் இன்னும் சந்திக்கவில்லை.

வைத்தியரிடம் சொல்லுவார்கள். பங்குச் சாமியாரிடம் சொல்லுவார்கள். என்னிடம் மட்டும் "தானாய் நிண்டுபோச்சு" என்பார்கள். மன்னாரில் உப்புக்குளம் பக்கம் கடை வைத்திருக்கிறேன். அதற்கு முதல் இந்தியாவில் அகதி முகாமில் ரேடியோ திருத்தினேன். சண்டை முடிந்து திரும்பி வந்தால் ஊரில் ஒருவரிடமும் ரேடியோ இல்லை, எல்லார் கையிலும் போன். சரி, இதையும் கழற்றிப் பார்ப்போம் என்று இருந்துவிட்டேன்.

கழற்றிப் பார்த்ததில் போன்களின் பாதி நோய் ஒரே இடத்திலிருந்து வருகிறது. ஓசிப் படத் தளங்கள். காலையில் தியேட்டருக்கு வந்த படம் பின்னேரம் அங்கே கிடக்கும். ஆர் போட்டது, ஆரைக் கேட்டுப் போட்டது, ஒன்றும் தெரியாது. நீங்களும் போயிருப்பீர்கள். மறைக்க வேண்டாம். உங்கள் போனும் என்னிடம் வந்திருக்கும்.

பெரும்பாலும் சிரிப்புக் கதைகள்தான். ஆனால் அதே தளத்தால் ஒரு மனிதரின் நல்ல பேர் போகப் பார்த்தது. சந்தியோகு அண்ணாவியார் என்று கூத்துப் பழக்குகிறவர். அவரிடம் வருவதற்கு முதல் இன்னும் மூன்று பேரைத் தாண்ட வேண்டும்.

மரியாதைக்கு மறுமொழி

ஓய்வுபெற்ற அதிபர் ஒருவர் லப்டொப்பைத் துவாயில் சுற்றிக் கொண்டுவந்தார். திறந்தேன். சன்னலுக்கு மேல் சன்னலாய்த் திறந்து கிடந்தது. "உங்கள் கணினியில் பதின்மூன்று வைரஸ்" என்று ஒன்று. "இன்றைய அதிர்ஷ்டசாலி நீங்கள்" என்று ஒன்று. எல்லாவற்றுக்கும் அடியில், பாதியில் நின்றுபோன ஒரு சண்டைப் படம். எதை அமத்தினீர்கள் என்று கேட்டேன். "நான் ஒண்டும் அமத்தேல்லை" என்றார்.

தேடிப் பார்த்தேன். சொன்னது சரி, அமத்தவில்லை. எழுதியிருக்கிறார். அந்த வைரஸ் எச்சரிக்கைக்கு ஆங்கிலத்தில் முறையாக ஒரு பதில் கடிதம். முழுப்பெயர், பிறந்த திகதி, அடையாள அட்டை இலக்கம், வீட்டு முகவரி, கடைசியில் "தங்கள் உண்மையுள்ள". முப்பது வருடம் கல்விக் கந்தோருக்குக் கடிதம் எழுதின கை சும்மா இருக்குமா.

உங்கள் பேரில் வேறொருவன் சிம் எடுப்பான், வங்கியில் கணக்குத் திறப்பான் என்று சொன்னேன். கடவுச்சொல் எல்லாவற்றையும் மாற்றவைத்தேன். நேரே வங்கிக்குப் போய் மனேஜரிடம் சொல்லச் சொன்னேன். கதிரையில் நிமிர்ந்து இருந்து எல்லாம் கேட்டார். ஒன்று மட்டும் அவருக்குக் கடைசிவரை விளங்கவில்லை. "அவையள் 'தயவுசெய்து' எண்டு போட்டுத்தானே தம்பி கேட்டவை. மரியாதையாய்க் கேட்டால் மறுமொழி எழுதாமல் விடுறதே?"

பெரிய பட்டன் பொய்

முருங்கன் பக்கம் ட்ராக்டர் ஓட்டும் செல்லமுத்து வேறு வகை. மலைநாட்டிலிருந்து வந்து குடியேறின குடும்பம். இவர் இந்தத் தளங்களில் பட்டம் பெற்றவர். போனைத் திருத்த வந்தவர் எனக்குப் பாடம் எடுத்தார். "பெருசா பச்சையா ஒண்ணு இருக்கும் பாருங்க, அது பொய். அதுக்குக் கீழ செவப்பு, அதுவும் பொய். மூலையில எறும்பு மாதிரி ஒரு பெருக்கல் குறி இருக்கும். அது மூணு வாட்டி பொய், நாலாவது வாட்டி நெசம்."

இவ்வளவு தெரிந்த மனிதரின் போன் கையில் வைக்கேலாத சூடு. பற்றரி வீங்கிப் பின்மூடி எழும்பி நின்றது. இன்னும் இரண்டு நாள் போயிருந்தால் சேட்டுப் பொக்கற்றுக்குள் வெடித்திருக்கும். பார்த்தால், இவர் அங்கே படம் பார்க்கப் பார்க்க, அந்தத் தளம் இவர் போனை வைத்துத் தன் வேலையை முடித்திருக்கிறது. எங்கேயோ இருக்கிற ஒருவனுக்கு இவர் போன் இரவு பகலாகக் கணக்குப் போட்டுக் கொடுத்திருக்கிறது.

விளங்குகிற மாதிரிச் சொன்னேன்: "உங்கட ட்ராக்டரை ஆரோ ஒருத்தன் கொண்டுபோய்த் தன்ர வயலை உழுறான். டீசல் உங்கட." அது நெஞ்சில் பட்டது. முகம் சுருங்கியது. சூடாகிறதே, ஒரு நாளும் யோசிக்கவில்லையா என்று கேட்டேன். "ஓடுனா சூடாகத்தானுங்களே செய்யும். சூடாகாம ஓடியிருந்தா அன்னைக்கே உங்ககிட்ட ஓடியாந்திருப்பேன்."

செபமாலைக்குள் ஒரு குரல்

சூசைதாசன் மூப்பர் அரிப்புக்கு இந்தப் பக்கம் ஒரு கடற்கரைக் கிராமத்துக்காரர். ஊர்ப் பேர் வேண்டாம். மூப்பர் என்றால் கோயில் காரியம் பார்க்க ஊர் தெரிவு செய்து வைக்கிறவர். மணி அடிக்கிறதும் அவர், கோயில் அலுமாரியைப் பூட்டித் திறப்பை மடியில் வைத்திருக்கிறதும் அவர், பின்னேரச் செபமாலையை நடத்துகிறதும் அவர்.

ஒருநாள் செபமாலையில் மூன்றாம் தேவரகசியம் போய்க்கொண்டிருக்க, அவர் பொக்கற்றுக்குள் இருந்து ஒரு பெண்குரல் எழும்பியிருக்கிறது. "வாருங்கள், இன்றே விளையாடி வெல்லுங்கள்." மூப்பர் பொக்கற்றைக் கையால் பொத்தினார். பின்வரிசை வாங்கில் இருந்த சனம் பழக்கதோசத்தில் அதற்கும் மறுபாதிச் செபத்தைச் சொல்லி முடித்துவிட்டது. அடுத்த நாள் காலை முதல் பஸ்ஸில் என்னிடம் வந்துவிட்டார்.

ஓசிப் படத் தளம் ஒன்று "அனுமதிக்கவா" என்று கேட்டிருக்கிறது. மூப்பர் "ஓம்" கொடுத்திருக்கிறார். அன்றிலிருந்து அந்தப் பெண் நேரகாலம் பாராமல் வருகிறாள். அவளை வெளியேற்றினேன். மூப்பர் அந்தத் தளத்தில் அங்கத்தவராகவும் சேர்ந்திருந்தார். அங்கத்துவப் பேர் "சூசைமூப்பர்". கள்ள வேலைக்குக் கள்ளப் பேர் வைக்க வேண்டும் என்றுகூடத் தெரியாத மனிதர். என்ன படம் பார்க்கப் போனீர் என்று கேட்டேன். வேதப் படம் என்றார். பார்த்த படங்களின் பட்டியலை அவர் பக்கம் திருப்பிக் காட்டினேன். அதில் வேதம் எங்கேயும் இல்லை. போனை வாங்கிப் பொக்கற்றுக்குள் வைத்தார். "சாமியிட்டைப் பாவசங்கீர்த்தனத்தில சொல்லிப்போட்டன். உமக்கும் ஒருக்காச் சொல்லோணுமே?"

சபைக்குள் வந்த பெட்டை

சந்தியோகு அண்ணாவியாரும் அதே ஊர்தான். எழுபது தாண்டின மனிதர். கூத்து ஆடுகிற ஊர்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. கூத்து ஊரின் சொத்து. அதைக் காக்கிறவர் அண்ணாவியார். பக்கத்து ஊர் அதை ஆட விரும்பினால் வெற்றிலை பாக்கோடு வந்து அவரைக் கேட்க வேண்டும். கேளாமல் ஒரு பாட்டை எடுத்துப் பாடினதற்காக இரண்டு ஊரும் பெண் கொடுத்து எடுக்காமல் இருந்த காலமும் உண்டாம்.

மீள்குடியேறி முதல் தரம் கூத்து ஆடியபோது ஆக்கள் வீடியோ எடுக்கக் கேட்டார்கள். அண்ணாவியார் மறுத்தார். பிறகு ஒரு கட்டுப்பாட்டோடு சம்மதித்தார்: ஒரே ஒரு பிரதி, அதுவும் கோயில் அலுமாரிக்குள். இரண்டு வருடம் அப்படியே இருந்தது. அடுத்த கூத்துக்குப் பழக்கம், அதுதான் ஒத்திகை, தொடங்கின நேரம் பார்த்துக் கனடாவிலிருந்து ஒரு ஊர்க்காரன் போன் பண்ணிச் சொல்லியிருக்கிறான், நம்முடைய கூத்து ஓசித் தளத்தில் கிடக்கிறது என்று. ஊர் விசாரிக்கவில்லை, நேரே தீர்ப்புக்குப் போய்விட்டது. அண்ணாவியார் வெளிநாட்டுக்கு வித்துப்போட்டார் என்று. அரசன், மந்திரி என்று எட்டுப் பேர் பழக்கத்தை விட்டு நின்றுவிட்டார்கள். திருநாளுக்கு ஐந்து கிழமை. "மத்தளக்காரர் மட்டும் வாறார், தம்பி. தனிய இருந்து அடிச்சுப்போட்டுப் போறார். நான் விக்கேல்லை எண்டு எந்தக் கோட்டில போய்ச் சொல்லுறது?" என்று என் கடைக்கு வந்து கேட்டார் அண்ணாவியார். எனக்கும் அறுபது தாண்டிவிட்டது. அவருக்கு நான் தம்பிதான்.

தளத்தைத் திறந்தேன். கூத்து இருந்தது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திரைக்குக் கிட்ட வந்தார். அரசன் வாளோடு வரவுப் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தான். இரண்டு அடி வைத்தான். குறுக்கே சீட்டுக்கட்டோடு ஒரு பெண் வந்து, வென்று பாருங்கள் என்று சிரித்தாள். அவளைத் தள்ளிவிட்டேன், இன்னொருத்தி வந்தாள். அண்ணாவியார் கோபத்தில் கத்துவார் என்று நினைத்தேன். கத்தவில்லை. பழக்கத்தில் பிழை பிடிக்கிற குரலில் கேட்டார். "அரசன்ரை வரவு இன்னும் முடியேல்லை. அதுக்குள்ள உந்தப் பெட்டையை ஆர் சபைக்கு விட்டது?"

விலாசம் இல்லாத கடை

"முதலாளி ஆரெண்டு பார். நேரில போய்க் கதைப்பம்" என்றார். நானும் பார்த்தேன். முகவரி இல்லை. தொலைபேசி இலக்கம் இல்லை. "எங்களைத் தொடர்புகொள்ள" என்ற இடத்தை அமத்தினால் முன்பு வந்த அதே பெண் வந்தாள். மூலையில் ஒரு முறைப்பாட்டுப் படிவம் கிடைத்தது. இது எங்கள் ஊர்க்கூத்து, கேளாமல் போட்டிருக்கிறீர்கள், எடுத்துவிடவும் என்று எழுதினேன். உடனே மறுமொழி வந்தது. முறைப்பாட்டை ஏற்க உங்கள் மின்னஞ்சலின் கடவுச்சொல்லைத் தரவும். மூடினேன். தேத்தண்ணி கொண்டுவந்த பக்கத்துக் கடை ஹனீபா நாநா தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்துச் சொன்னார்: "முதலாளி முகம் தெரியாத கடையில நான் ஒரு பணிஸ்கூட வாங்கித் தின்னமாட்டன்." சொல்லிவிட்டுப் போய், தன் கடையில் அதே மாதிரித் தளத்தில் பாதியில் விட்ட படத்தைத் தொடர்ந்து பார்த்தார். சத்தம் எனக்குக் கேட்டது.

கள்ளர் கூட்டம், மானம் ரோசம் இல்லாதவர்கள் என்று நான் பேசத் தொடங்கினேன். அண்ணாவியார் என்னைப் பார்க்கவில்லை. என் தலைக்கு மேல் இருந்த பலகையை எழுத்துக்கூட்டி வாசித்தார். "மெமரி சிப்பில் புதுப் படங்கள் ஏற்றித் தரப்படும்." அது நான் என் கையால் எழுதினது. மீன்பிடிக் காலத்தில் கடற்கரை வாடிகளில் போய்த் தங்குகிறவர்கள் வந்து கேட்பார்கள், ஏற்றிக் கொடுப்பேன். எங்கிருந்து எடுத்தேன் என்று நீங்கள் கேட்க வேண்டியதில்லை. அடுத்த நாள் அந்த வரிக்கு மேல் பெயின்ற் அடித்தேன். திருந்திவிட்டேன் என்று நினைக்க வேண்டாம். அண்ணாவியார் திரும்பி வருவார் என்ற பயம்.

அன்றைக்கு அவர் என்னை ஏசவில்லை. ஏசியிருந்தால் நானும் இரண்டு சொல்லியிருப்பேன். திரையில் கூத்துக்குப் பக்கத்தில் வரிசையாக இருந்த புதுப் படங்களின் முகங்களை விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டார். "இதுகளையும் ஆரோ ஒரு மனிசன் இருந்து பழக்கித்தானே எடுத்திருப்பான். அவனிட்டை வெத்திலையோட ஆர் போனது?"

ஒன்றுக்கு ஒன்று

அவர் போன பிறகுதான் கவனித்தேன். கூத்துக்குக் கீழே, அதைத் தளத்துக்குக் கொடுத்தவரின் பேர் சின்ன ஆங்கில எழுத்தில் கிடந்தது. சூசைமூப்பர். அண்ணாவியாருக்கு ஆங்கிலம் வாசிக்கத் தெரியாது. எனக்குத் தெரியும், ஆனால் பதற்றத்தில் பார்க்கவில்லை. மூப்பருக்குப் போன் எடுத்தேன். உடனே வாரும் என்று மட்டும் சொன்னேன். வந்தார். திரையைத் திருப்பிக் காட்டினேன். தொப்பென்று கதிரையில் இருந்தார்.

"விளம்பரம் இல்லாமல் படம் பாக்கிறதெண்டால் தங்களிட்டை இல்லாத படம் ஒண்டைத் தரட்டாம். என்னட்டை என்ன கிடக்கு? அலுமாரிக்குள்ள அதொண்டுதான் கிடந்தது" என்றார். அண்ணாவியாரைக் கேட்டீரா என்றேன். "கேட்டால் தரமாட்டார்." அதற்காகத்தான் கேட்கிறது என்றேன். பிறகு, நாலு பேர் பார்த்தால் ஊருக்கும் பேர்தானே என்றும் நினைத்தாராம். அந்த நினைப்பு என் கதிரையில் இருந்த பிறகுதான் வந்தது என்பது எனக்குத் தெரியும். அதை விட்டேன். மற்றதை விடவில்லை. "அந்த மனிசன் வித்துப்போட்டாரெண்டு ஊர் கதைக்குது. திறப்பை மடியில வைச்சுக்கொண்டு எப்பிடி ஐயா கேட்டுக்கொண்டிருந்தனீர்?" மூப்பர் விரல்களைப் பார்த்துக்கொண்டு இருந்தார். "நாளைக்குச் சொல்லுவம், நாளைக்குச் சொல்லுவம் எண்டு இருந்தன்" என்றார்.

வருகிற ஞாயிறு பூசை முடிய நீர் சொல்லும், இல்லாவிட்டால் நான் வந்து சொல்லுவேன் என்றேன். தலையாட்டினார். எழும்பிப் போகப் பார்த்தவரிடம் ஒன்று கேட்காமல் இருக்க முடியவில்லை. ஊரின் கூத்தைக் கொடுத்துப் பார்த்தீரே, அந்தப் படம் எப்படி? மூப்பர் வாசலில் நின்றார். "கடைசி அரை மணித்தியாலம் அதில இல்லை. அதுக்கு இன்னொரு படம் தரட்டாம்."

பூசைக்குப் பிறகு

ஞாயிற்றுக்கிழமை நானும் போனேன். மூப்பர் சொல்லுவாரோ என்ற சந்தேகம். பூசை முடிந்து சனம் கோயில் முற்றத்தில் நின்றது. மூப்பர் ஒரு தட்டத்தில் வெற்றிலை பாக்கு வைத்துக்கொண்டு படியில் நின்று சொன்னார். சுற்றி வளைக்கவில்லை. அலுமாரியைத் திறந்தது நான், கொடுத்தது நான், அண்ணாவியாருக்கு ஒன்றும் தெரியாது. அவ்வளவுதான். சனம் மூப்பரை ஏசத் தொடங்கியது. மூப்பர் வேலையை விடு என்றார்கள். களவெடுத்தவன் என்றார்கள். அண்ணாவியாரைச் சந்தேகப்பட்டவர்கள்தான் கூடுதலாய்ச் சத்தம் போட்டார்கள். வெட்கம் வந்தால் மனிதருக்குத் தொண்டை பெருக்கும்.

அண்ணாவியார் எல்லாரையும் பேசி முடிக்க விட்டார். வெற்றிலைத் தட்டத்தை வாங்கவில்லை. மூப்பரைக் காலிலிருந்து தலை வரைக்கும் பார்த்தார், உடுப்புக்கு அளவெடுக்கிற மாதிரி. கூத்தில் கொலைஞர் என்று ஒரு பாத்திரம், தண்டனை நிறைவேற்றுகிற ஆள். துள்ளித் துள்ளி ஆட வேண்டும். இளந்தாரிகளே இளைத்துப்போவார்கள். "கொலைஞருக்கு எனக்கு ஒரு ஆள் காணாது. நாளைக்குப் பின்னேரம் பழக்கத்துக்கு வாரும். வெத்திலையை நீர் ஆடி முடிய வாங்கிறன்" என்றார். மூப்பருக்கு முழங்கால் வருத்தம் என்பது ஊருக்கே தெரியும். ஒருவரும் அதைச் சொல்லவில்லை.

அடுத்த நாள் நின்றுபோன எட்டுப் பேரும் பழக்கத்துக்கு வந்துவிட்டார்கள். அரசன் முதல் ஆளாக வந்து அண்ணாவியாரின் காலைத் தொட்டானாம். மனச்சாட்சி கூட்டிக்கொண்டு வந்ததோ, மூப்பர் துள்ளுகிறதைப் பார்க்க வந்தார்களோ, நான் விசாரிக்கவில்லை. ஞாயிறன்று முற்றத்தில் மூப்பர் அண்ணாவியாரிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "ஆடுறன் அண்ணாவியார். ஆனால் நான் ஆடுறதை மட்டும் ஒருத்தரும் வீடியோ எடுக்கக்கூடாது."

பாதிப் பாட்டு

கூத்து திருநாளில் நடந்தது. மூப்பர் ஆடினார். வெற்றிலையும் வாங்கப்பட்டது. தளத்தில் கிடந்த கூத்து இன்னும் அங்கேதான் கிடக்கிறது. எடுக்க ஆளில்லை, எடுக்கச் சொல்ல விலாசமில்லை. ஆனால் அதில் பாதிதான் இருக்கிறது. ஏற்றிக்கொண்டிருக்கும்போது மூப்பருக்கு டேட்டா முடிந்துவிட்டதாம்.

அதனால் ஒரு நன்மை. பக்கத்து ஊர்க் கூத்துக்காரர் ஒருவர் என் கடைக்குச் சிப்போடு வந்தார். தளத்தைப் பார்த்து இரண்டு பாட்டுப் பாடம் பண்ணியிருக்கிறார். மூன்றாவது பாட்டு நடுவில் நின்றுவிட்டது. மிச்சம் உங்களிடம் இருக்கும் என்றார்கள், ஏற்றித் தாருங்கள் என்றார். இல்லை என்றேன். இருந்தாலும் தரமாட்டேன் என்றேன். அரிப்புப் பஸ் எத்தனை மணிக்கு என்று சொன்னேன். போகிற வழியில் வெற்றிலை வாங்கிக்கொண்டு போம் என்றும் சொன்னேன். அந்தக் காலத்துக் கதை, இன்டர்நெற்றில் சும்மா கிடக்கிறதுக்கு ஆரைக் கேட்கிறது என்று முணுமுணுத்தார். ஆனால் பஸ் ஏறினார். பாதிப் பாட்டோடு சபைக்கு ஏற ஏலாதே.

ஒரு கிழமைக்குப் பிறகு அண்ணாவியார் போன் எடுத்தார். மருமகளின் போன். ஆளை விரட்டிவிட்டீர்களா என்று கேட்டேன். "கேட்டு வந்த மனிசனை விரட்ட எனக்கென்ன விசரே? பாட்டுக் கொப்பியைக் குடுத்துக் கையால எழுதி எடுக்கச் சொன்னன். நாலு நாளாய் எங்கட வீட்டிலதான் சாப்பாடு, இப்ப கணவாய்க் கறி இல்லாட்டி எழுத்து ஓடுதில்லையாம்."

இத்தனை போனைக் கழற்றிப் பூட்டினதில் நான் கண்டது இவ்வளவுதான்: ஓசி என்று எழுதின வாசலுக்குள் போகிற எல்லாரும் அங்கே எதையாவது வைத்துவிட்டுத்தான் வருகிறார்கள், புத்தியில்லாதவர் தன்னுடையதை வைக்கிறார், கொஞ்சம் புத்தியுள்ளவர் அடுத்த வீட்டுக்காரருடையதை வைக்கிறார்.